மனு கொடுத்து மாசக்கணக்கா பதில் இல்லையா? அரசு ஊழியர்கள் கோர்ட்டுக்கு போவது எப்போ, எப்படி?

மதுரை,

"ஃபைல் மேலே போயிருக்கு சார்... அடுத்த வாரம் வாங்க!"

கலெக்டர் ஆபீஸ், கல்வி ஆபீஸ், கருவூலம், மின்வாரியம் என்று எங்கே போனாலும் கேட்டுக்கேட்டு புளித்துப்போன பதில் இது. கேட்பவர் பொதுமக்களாக இருந்தால் திங்கட்கிழமை குறைதீர்க்கும் நாளில் போய் மனு கொடுக்கலாம். கேட்பவரே அரசு ஊழியர் என்றால்? இன்கிரிமென்ட் தப்பாக போட்டுவிட்டார்கள், சீனியாரிட்டி லிஸ்டில் ஜூனியரை மேலே தூக்கி வைத்துவிட்டார்கள், பதவி உயர்வு பேனலில் பெயர் இல்லை, ரிட்டயர்டு ஆகி 2 வருஷம் ஆகியும் பென்ஷன் வரவில்லை என்று மனு மேல் மனு எழுதி, நடையாய் நடந்து, கடைசியில் தேய்வது செருப்புதான்.

பதில் சொல்லாமல் மனுவை கிடப்பில் போடுகிற அதிகாரியை கேள்வி கேட்க கோர்ட்டில் வழி இருக்கிறது. ஆனால் அந்த வழிக்கு ஒரு கெடு இருக்கிறது. மனுவுக்கு பதில் வரும் வரும் என்று காத்திருந்தே வழக்கை கோட்டைவிட்டவர்கள் ஏராளம். இதுபற்றிய விவரம் வருமாறு:-

எந்த கோர்ட்டு?

முதலில் இதில்தான் பலருக்கு குழப்பம். தபால் துறை, ரெயில்வே, வருமான வரித்துறை போன்ற மத்திய அரசு ஊழியர் என்றால் நேராக ஐகோர்ட்டுக்கு போக முடியாது. மத்திய நிர்வாக தீர்ப்பாயம் (கேட் என்று சொல்வார்கள்) போகவேண்டும். 1985-ம் வருஷத்து நிர்வாக தீர்ப்பாய சட்டப்படி அமைந்தது அது. அங்கே தோற்றால்தான் ஐகோர்ட்டு. 1997-ல் சந்திரகுமார் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இதை தெளிவாக சொல்லிவிட்டது.

தமிழ்நாடு அரசு ஊழியர்களுக்கும் இதேபோல ஒரு தீர்ப்பாயம் சென்னையில் இருந்தது. 1988-ல் தொடங்கி 2006-ல் மூடிவிட்டார்கள். அங்கே இருந்த கட்டுகள் எல்லாம் ஐகோர்ட்டுக்கு போய்விட்டன. எனவே இப்போது ஆசிரியர், வி.ஏ.ஓ., நர்சு, போலீஸ்காரர் என்று மாநில அரசு ஊழியர் யாராக இருந்தாலும் அரசியல் சட்டம் 226-வது பிரிவின்கீழ் ஐகோர்ட்டில் ரிட் மனுதான்.

கன்னியாகுமரி, நெல்லை, தூத்துக்குடி, விருதுநகர், மதுரை, தேனி, திண்டுக்கல், ராமநாதபுரம், சிவகங்கை, புதுக்கோட்டை, தஞ்சை, திருச்சி, கரூர் பக்கத்துக்காரர்கள் 2004 ஜூலையில் திறந்த மதுரை கிளைக்கு வரலாம். பழைய நெல்லையில் இருந்து பிரிந்த தென்காசிக்கும் மதுரைதான். நாகை, திருவாரூர்காரர்கள் பக்கத்தில் தஞ்சை இருந்தாலும் சென்னைக்குத்தான் பஸ் ஏறவேண்டும்.

ரேஷன் கடை விற்பனையாளர், தொடக்க கூட்டுறவு சங்க எழுத்தர் போன்றவர்கள் கொஞ்சம் உஷாராக இருக்கவேண்டும். "நாங்களும் அரசு வேலைதானே" என்று இவர்கள் நினைப்பார்கள். சட்டம் அப்படி பார்ப்பதில்லை. கூட்டுறவு சங்கத்தின் மீது எல்லா விஷயத்துக்கும் ரிட் போட முடியாது என்று 2006-ல் மாரப்பன் வழக்கில் சென்னை ஐகோர்ட்டின் 5 நீதிபதிகள் பெஞ்ச் சொல்லியிருக்கிறது. இவர்கள் முதலில் கூட்டுறவு சங்க சட்டம் 153-வது பிரிவில் சீராய்வு மனு போட்டு, அதை அதிகாரி கிடப்பில் போட்டால் அந்த அதிகாரி மீது கோர்ட்டுக்கு போவதுதான் வழக்கம்.

பஸ் டிரைவர், கண்டக்டர், பொதுத்துறை ஆலை தொழிலாளி என்றால் தொழிலாளர் சட்டமும் இருக்கிறது. 1947-ம் வருஷத்து தொழிற்தகராறு சட்டத்துக்கு பதிலாக 2025 நவம்பர் 21 முதல் தொழில் உறவு சட்டத்தொகுப்பு வந்துவிட்டது. டிஸ்மிஸ் ஆன தொழிலாளி சமரச அதிகாரியிடம் மனு கொடுத்து 45 நாள் கழிந்தால் நேராக தீர்ப்பாயம் போகலாம். ஆனால் டிஸ்மிஸ் ஆன நாளில் இருந்து 2 வருஷத்துக்குள் போகவேண்டும். பழைய சட்டத்தில் 3 வருஷம் இருந்தது. அதை நினைத்துக்கொண்டு மெத்தனமாக இருந்தால் ஒரு வருஷம் கோவிந்தா!

6 மாசம், ஒரு வருஷம்

கேட் போகிற மத்திய ஊழியருக்கு கணக்கு சுலபம். மேல்முறையீடோ, விதியில் சொன்ன மனுவோ கொடுத்து 6 மாசம் பொறுக்கவேண்டும். பதில் வராவிட்டால் அந்த 6 மாசம் முடிந்த நாளில் இருந்து ஒரு வருஷத்துக்குள் வழக்கு போட்டுவிடவேண்டும். உதாரணத்துக்கு 2025 ஜனவரி 10-ந்தேதி மனு கொடுத்தவருக்கு ஜூலை 10 வரை காத்திருப்பு. 2026 ஜூலை 10-க்குள் வழக்கு. இடையிலேயே "முடியாது" என்று பதில் வந்துவிட்டால் பதில் வந்த தேதியில் இருந்தே ஒரு வருஷம் ஓட ஆரம்பித்துவிடும். கட்டணம் வெறும் 50 ரூபாய்தான். கெடு தாண்டினால் தக்க காரணம் சொல்லி மன்னிப்பு கேட்கலாம். தருவதும் தராததும் தீர்ப்பாயம் பாடு.

ஜனாதிபதிக்கு, கவர்னருக்கு மனு போட்டுவிட்டு "அங்கே இருந்து பதில் வரட்டும்" என்று உட்கார்ந்திருப்பவர்களும் உண்டு. அந்த மனுவை மட்டும் நம்பி கெடுவை தவறவிடக்கூடாது.

ஐகோர்ட்டு ரிட் மனுவுக்கு இப்படி நாள் கணக்கு எதுவும் சட்டத்தில் இல்லை. இதுதான் பெரிய பொறி. நாள் கணக்கு இல்லை என்றால் எப்போது வேண்டுமானாலும் போகலாம் என்று அர்த்தம் இல்லை. "இத்தனை வருஷம் என்ன செய்துகொண்டிருந்தீர்கள்?" என்று நீதிபதி கேட்டால் பதில் வேண்டும். "மனு போட்டுக்கொண்டே இருந்தேன் அய்யா" என்பது பதில் ஆகாது. சட்டத்தில் இடம் இல்லாத மனுக்களை திரும்ப திரும்ப போடுவதால் கெடு நீளாது என்று 1989-ல் ரத்தோர் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டின் 7 நீதிபதிகள் ஒன்றாக உட்கார்ந்து சொல்லியிருக்கிறார்கள்.

18 வருஷம் கழித்து ஒரு மனு

இதற்கு சரியான உதாரணம் நம்ம தமிழ்நாட்டிலேயே நடந்த வழக்கு. ஜேக்கப் வழக்கு என்றால் சர்வீஸ் வக்கீல்கள் எல்லோருக்கும் தெரியும்.

அவர் புவியியல் மற்றும் சுரங்கத்துறையில் ஊழியர். 1982-ல் வேலையில் இருந்து நீக்கிவிட்டார்கள். அதன்பிறகு 18 வருஷம். 2000-ம் வருஷம் "என்னை திரும்ப வேலையில் சேர்த்துக்கொள்ளுங்கள்" என்று ஒரு மனு கொடுக்கிறார். பதில் இல்லை. அப்போது இருந்த மாநில தீர்ப்பாயத்துக்கு போகிறார். "மனுவை 4 மாசத்துக்குள் பரிசீலித்து முடிவு சொல்லுங்கள்" என்று உத்தரவு வருகிறது. இவருக்கு சந்தோஷம். அதிகாரிகள் பரிசீலித்தார்கள். 2002-ல் "முடியாது" என்று பதில் எழுதினார்கள்.

அந்த பதிலை எதிர்த்து அடுத்த வழக்கு. ஐகோர்ட்டில் தனி நீதிபதி இவருக்கு சாதகமாக தீர்ப்பு சொன்னார். அரசு அப்பீல் போனது. 2 நீதிபதிகள் பெஞ்ச் அதை ரத்து செய்தது. 2008-ல் சுப்ரீம் கோர்ட்டும் கைவிரித்துவிட்டது.

சுப்ரீம் கோர்ட்டு சொன்ன காரணம்தான் முக்கியம். செத்துப்போன விவகாரத்துக்கு புதுசாக ஒரு மனு எழுதி, அதை பரிசீலிக்கச்சொல்லி கோர்ட்டில் உத்தரவு வாங்கி, அதற்கு அதிகாரி எழுதும் பதிலை வைத்து "இதோ புது உத்தரவு" என்று காட்டினால், பழைய வழக்குக்கு உயிர் வந்துவிடாது. கணக்கு 1982-ல் இருந்துதான். யாருக்கும் நஷ்டமில்லை, சும்மா பரிசீலிக்கத்தானே சொல்கிறோம் என்று கோர்ட்டுகள் இப்படி உத்தரவு போடுவதையும் சுப்ரீம் கோர்ட்டு குறைசொன்னது.

நீக்கிய உடனே, 1982-லோ 1983-லோ அவர் போயிருந்தால் கதை வேறு மாதிரி இருந்திருக்கலாம்.

சம்பள பாக்கி வேறு கணக்கு

சம்பளம் தப்பாக நிர்ணயம் செய்துவிட்டார்கள், பென்ஷன் குறைத்து போட்டுவிட்டார்கள் என்றால் மட்டும் சட்டம் கொஞ்சம் இரக்கம் காட்டுகிறது. ஒவ்வொரு மாசமும் குறைந்த சம்பளம் வரும்போது ஒவ்வொரு மாசமும் புதுசாக ஒரு தப்பு நடக்கிறது என்று கணக்கு. 1995-ல் குப்தா வழக்கில் சொன்னது இது. எனவே தாமதமாக போனாலும் கதவை மூடமாட்டார்கள்.

ஆனால் பழைய பாக்கி முழுசாக வராது. ராணுவத்தில் இருந்து 1983-ல் உடல்நிலை காரணமாக வெளியே வந்த ஒருவர், ஊனமுற்றோர் பென்ஷனுக்காக 1999-ல்தான் கோர்ட்டுக்கு போனார். 2008-ல் அந்த தர்சேம் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு, வழக்கு போட்ட தேதிக்கு முன்னால் 3 வருஷ பாக்கி மட்டும்தான் என்று சொல்லிவிட்டது. 2010-ல் இருந்து இன்கிரிமென்ட் குறைகிறது என்று வைத்துக்கொள்வோம். 2024-ல் வழக்கு போட்டால் 2021-ல் இருந்துதான் பணம். நடுவில் 11 வருஷ பணம் போனது போனதுதான்.

சீனியாரிட்டி, பதவி உயர்வுக்கு இந்த இரக்கமும் கிடையாது. அதில் அடுத்தவர் வாழ்க்கையும் இருக்கிறதே! உங்களுக்கு மேலே போன ஜூனியர் 10 வருஷம் அந்த பதவியில் இருந்த பிறகு இறக்கச்சொன்னால் கோர்ட்டு கேட்காது. பேனல் போடும் முன்னாலேயே, சீனியாரிட்டி லிஸ்டு வந்த சூட்டோடு சூடாக ஆட்சேபணை கொடுக்கவேண்டும். வழக்கு போடும்போது அந்த ஜூனியர்களையும் எதிர்மனுதாரராக சேர்க்கவேண்டும். சேர்க்காமல் போய் திரும்பி வந்தவர்கள் நிறைய.

'பரிசீலிக்க' உத்தரவு வந்தால் ஜெயித்ததாக அர்த்தமா?

மதுரை கிளையில் காலையில் சர்வீஸ் வழக்கு நடக்கிற கோர்ட்டில் உட்கார்ந்து பார்த்தால் தெரியும். வழக்கு எண்ணை கூப்பிடுவார்கள். அரசு வக்கீல் எழுந்து நோட்டீஸ் வாங்கிக்கொள்வார். மனுதாரர் வக்கீல், "மை லார்ட், மனுவை பரிசீலிக்கச் சொன்னால் போதும்" என்பார். "வழக்கின் தகுதிக்குள் போகாமல், மனுதாரரின் மனுவை சட்டப்படி 12 வாரத்துக்குள் பரிசீலித்து உத்தரவு பிறப்பிக்கவேண்டும்" என்று நீதிபதி சொல்வார். சில நிமிஷத்தில் வழக்கு முடிந்தது. வெளியே வந்து சுவீட் வாங்குவார்கள்.

அவசரப்படவேண்டாம். 'தகுதிக்குள் போகாமல்' என்றால் நீங்கள் கேட்டது நியாயமா இல்லையா என்று கோர்ட்டு பார்க்கவே இல்லை என்று அர்த்தம். 12 வாரத்தில் அதிகாரி "நிராகரிக்கப்படுகிறது" என்று எழுதினாலும் அவர் உத்தரவை மீறவில்லை. 2006-ல் ஆந்திர போக்குவரத்துக்கழக வழக்கில் இந்த 'பரிசீலிக்க' என்ற வார்த்தைக்கு என்னென்ன அர்த்தம் என்று சுப்ரீம் கோர்ட்டு விளக்கமே எழுதியிருக்கிறது.

விதி உங்கள் பக்கம் தெளிவாக இருந்தால் "பரிசீலிக்கவேண்டும்" என்று மட்டும் கேட்காமல் "இன்ன தேதியில் இருந்து இன்ன சம்பளம் தரவேண்டும்" என்றே கேட்பது நல்லது. வழக்கு கொஞ்சம் நாள் எடுக்கும். ஆனால் முடிவு கையில் கிடைக்கும்.

12 வாரம் தாண்டியும் பதில் இல்லையா? அப்போது கோர்ட்டு அவமதிப்பு வழக்கு. தண்டனை 6 மாசம் வரை ஜெயில் அல்லது 2 ஆயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். ஜெயிலை விட அதிகாரிகளுக்கு பயம், நேரில் வந்து கூண்டில் நிற்கச்சொல்வார்களே என்பதுதான். 3 வருஷம் நகராத ஃபைல் நோட்டீஸ் வந்தவுடன் ஒரே ராத்திரியில் நகரும். இந்த வழக்கையும் கெடு முடிந்த நாளில் இருந்து ஒரு வருஷத்துக்குள் போட்டாகவேண்டும்.

இதிலும் ஒரு வில்லங்கம். ஆஜராகும் முதல் நாள் அதிகாரி ஒரு நிராகரிப்பு உத்தரவை போட்டு கையில் எடுத்துவந்து நீட்டிவிடுவார். அதோடு அவமதிப்பு வழக்கு முடிந்தது. அந்த உத்தரவு தப்பாகவே இருந்தாலும், அதை எதிர்த்து புது ரிட்தான் போடவேண்டும் என்று 1996-ல் பரிஹார் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு சொல்லியிருக்கிறது. ஒரு ஆறுதல்: நிராகரிப்பு உத்தரவில் காரணம் எழுதியே ஆகவேண்டும். "பரிசீலிக்கப்பட்டது, ஏற்க இயலவில்லை" என்று ஒற்றை வரி எழுதினால் அதை ரத்து செய்ய வைப்பது கஷ்டமில்லை.

17-பி மெமோ, சஸ்பெண்டு

அரசு ஊழியரை தூங்கவிடாத எண் 17-பி. இந்த மெமோ நிலுவையில் இருந்தால் பதவி உயர்வு நிற்கும். ரிட்டயர்மென்ட் நாளும் நெருங்கினால் சொல்லவே வேண்டாம். ஓய்வுபெறும் அன்றைக்கே சஸ்பெண்டு செய்கிற வழக்கம் நிறுத்தப்படும் என்று 2021-ல் சட்டசபையில் அறிவித்தார்கள். அதற்கு முன்னால் மாலை 5 மணிக்கு மாலை வாங்கவேண்டியவர் சஸ்பெண்டு ஆர்டர் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு போன கதைகள் ஊருக்கு ஊர் உண்டு.

வீட்டுவசதி வாரியத்தில் ஒரு சூப்பிரண்டிங் என்ஜினீயர். 1990-ல் நடந்த பத்திர விவகாரத்துக்கு 2000-ல் மெமோ கொடுத்தார்கள். 10 வருஷம் என்ன செய்தீர்கள் என்பதற்கு வாரியத்திடம் ஒழுங்கான பதில் இல்லை. 2005-ல் சுப்ரீம் கோர்ட்டு மெமோவையே ரத்து செய்து, ஓய்வுக்கால பணத்தை 3 மாசத்தில் கொடுக்கச்சொன்னது. மகாதேவன் வழக்கு என்று இது பேர்போனது. துறை விசாரணையை 6 மாசத்தில், தவறினால் அதிகபட்சம் ஒரு வருஷத்தில் முடிக்க பார்க்கவேண்டும் என்று 2015-ல் பிரேம்நாத் பாலி வழக்கில் சொன்னதும் சுப்ரீம் கோர்ட்டுதான்.

சஸ்பெண்டு ஆனவருக்கு முதலில் பாதிச்சம்பளம் அளவுக்குத்தான் பிழைப்பூதியம். அதை வைத்து பள்ளிக்கூட பீசா, வீட்டு வாடகையா? 2015-ல் அஜய்குமார் சவுத்ரி வழக்கில், 3 மாசத்துக்குள் குற்றச்சாட்டு மெமோ தராவிட்டால் சஸ்பெண்டை நீட்டிக்கக்கூடாது என்று தீர்ப்பு வந்தது. அதை நம்பி தமிழ்நாட்டில் வரிசையாக வழக்கு போட்டார்கள். ஆனால் 3 மாசம் முடிந்தால் சஸ்பெண்டு தானாக ரத்தாகிவிடாது, ஒவ்வொரு வழக்கையும் அதன் தன்மையை பார்த்துத்தான் முடிவு என்று 2022-ல் சென்னை ஐகோர்ட்டு முழு பெஞ்ச் சொல்லிவிட்டது. எனவே "3 மாசம் ஆச்சு, டூட்டியில் சேருகிறேன்" என்று யாரும் கிளம்பவேண்டாம். சஸ்பெண்டை மறுபரிசீலனை செய்யச்சொல்லி மனு கொடுத்து, பதில் இல்லை என்றால் கோர்ட்டுக்கு போகலாம்.

பென்ஷன் லேட்டானால் வட்டி

பென்ஷன் யாரோ போடுகிற பிச்சை அல்ல, ஊழியரின் சொத்து. விதி இல்லாமல் அதை நிறுத்தக்கூடாது என்பது 2013-ல் ஜார்கண்ட் வழக்கு தீர்ப்பு. அதிகாரிகள் அசட்டையால் லேட்டானால் வட்டி சேர்த்து கொடுக்கவேண்டும் என்று 1984-லேயே கேரள ஊழியர் பத்மநாபன் நாயர் வழக்கில் தீர்ப்பு இருக்கிறது. பல பேர் அசல் வந்தால் போதும் என்று வட்டியை கேட்பதே இல்லை. மனுவிலேயே வட்டியும் சேர்த்து கேட்கவேண்டும்.

மனு எழுதும்போதே...

வழக்கு ஜெயிப்பது கோர்ட்டில் அல்ல, மனு எழுதும்போது என்று சொல்லலாம். முடிவு எடுக்க அதிகாரம் உள்ளவருக்கு மனு போகவேண்டும். கலெக்டர் செய்யவேண்டியதை முதல்வர் தனிப்பிரிவுக்கு மட்டும் அனுப்பினால் சுற்றிச்சுற்றித்தான் வரும். உரிய வழியாக ஒரு மனு, நேரடியாக ஒரு முன்நகல். தபாலில் போட்டால் பட்டுவாடா ஆன அத்தாட்சி. கையில் கொடுத்தால் நகலில் சீல், தேதி. "சீல் எல்லாம் போடமாட்டோம் சார்" என்றால் தபால்தான் நல்லது.

2 மாசம் பார்த்துவிட்டு 10 ரூபாய் கட்டி தகவல் உரிமை சட்டத்தில் கேட்கலாம். "என் மனு மீது என்ன நடவடிக்கை, ஃபைல் யார் மேஜையில், எந்த தேதியில் இருந்து? குறிப்பு பக்கங்களின் நகல் தரவும்." 30 நாளில் பதில் தரவேண்டும். பாதி ஃபைல் இந்த கேள்விக்கே நகர்ந்துவிடும். நகராவிட்டாலும் கோர்ட்டில் காட்ட ஒரு ஆவணம் ஆச்சு.

வக்கீல் பீசுக்கு வழி இல்லாதவர்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. பெண்கள், எஸ்.சி., எஸ்.டி. வகுப்பினர், மாற்றுத்திறனாளிகள் என்றால் வருமானம் எவ்வளவு என்றே பார்க்கமாட்டார்கள். சத்துணவு, அங்கன்வாடி பெண் ஊழியர்களில் நிறையப்பேருக்கு இது தெரியவே தெரியாது. மதுரை கிளை வளாகத்திலேயே சட்டப்பணிகள் குழு இருக்கிறது. மாட்டுத்தாவணியில் இருந்து ஒத்தக்கடை பக்கம் போகிற டவுன் பஸ்சில் ஏறி, ஐகோர்ட்டு ஸ்டாப் என்று டிக்கெட் கேட்டால் வாசலிலேயே இறங்கலாம்.

உத்தரவு வாங்கியவர்களுக்கு ஒரு விஷயம். 12 வாரம் என்பது தீர்ப்பு சொன்ன நாளில் இருந்து அல்ல, "இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளில் இருந்து" என்றுதான் பெரும்பாலும் எழுதியிருக்கும். நகலை வாங்கி பீரோவில் பத்திரமாக பூட்டி வைத்துவிட்டு 12 வாரத்தை எண்ணிக்கொண்டிருந்தால் கெடு தொடங்கவே இல்லை. சான்றிட்ட நகல் வந்த அன்றைக்கே ஒரு கடிதத்தோடு சேர்த்து அதிகாரிக்கு அனுப்பி, அது போய்ச்சேர்ந்த அத்தாட்சியை வாங்கி வைத்துக்கொள்ளவேண்டும்.